ஓடுகிற கம்ப்யூட்டரில் மாட்டிய சிவப்பு அட்டை

முட்டாள்தனத்தில் இரண்டு வகை உண்டு. ஒன்றும் தெரியாமல் செய்வது ஒன்று. பாதி தெரிந்துகொண்டு, மீதியும் தெரிந்தவன் மாதிரி செய்வது இன்னொன்று. நான் இரண்டாவது வகையில் டிப்ளமோ முடித்தவன். ஆதாரம் கேட்பவர்களுக்காக, போன வருடம் மழை ஓய்ந்த பிறகு வந்த ஒரு சனிக்கிழமை, மண்ணூரில் நாங்கள் வாடகைக்கு இருந்த மாடி அறையில் நடந்ததைச் சொல்கிறேன்.

அறையில் மூன்று பேர். மூவருக்கும் வேறு வேறு கம்பெனி, வேறு வேறு ஷிப்ட். ஒருவன் எழுந்த பாயில் இன்னொருவன் படுப்பான். பெயர்களை எழுதினால் எனக்கு அடி விழும்; எனவே பட்டப்பெயர்களோடு நிறுத்திக்கொள்கிறேன்.

ஒருவனுக்கு நாங்கள் வைத்த பெயர் 'சேஃப்டி'. திருத்தணிப் பக்கத்துக்காரன். உதிரிபாகக் கம்பெனியில் எலெக்ட்ரீஷியன். ஒரு பல்ப் மாற்றக்கூட மெயினை இறக்கிவிட்டு, கீழ் வீட்டு அக்காவின் சீரியலையும் சேர்த்து நிறுத்துகிறவன். இன்னொருவன் 'மேஸ்திரி'. கோவில்பட்டிப் பக்கம். ஒரகடத்தில் ஒரு குடோனில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டிக்கொண்டிருந்தான். அறையில் இருந்த கம்ப்யூட்டர் அவனுடையது. ஷிப்ட் முடிந்து வந்தால் அதில் ரோடு போட்டுக்கொண்டிருப்பான். அதனால்தான் அந்தப் பெயர்.

ரோடு என்றால் நிஜ ரோடு. லாரி ஓட்டும் வீடியோ கேம் ஒன்று இருக்கிறது. அதில் வரும் வெளிநாட்டுச் சாலைகளை ஒதுக்கிவிட்டு, ஸ்ரீபெரும்புதூரிலிருந்து ஒரகடம் போகிற நம் சாலையை அப்படியே உள்ளே கட்டிக்கொண்டிருந்தான். பாதி ரோட்டை அடைத்து நிற்கிற கன்டெய்னர், சிக்னல் கொடுக்காமல் ஓரங்கட்டும் கம்பெனி பஸ், நடு மீடியனில் படுத்து அசைபோடும் மாடு, எல்லாம் இருக்கும். மறைமலை நகர்ப் பக்கம் கனரக வண்டி ஓட்டப் பழக்குகிற ஒரு பயிற்சி மையத்தார் இதைக் கேள்விப்பட்டு, 'சனிக்கிழமை மத்தியானம் கொண்டுவந்து காட்டு, பிடித்தால் இங்கேயே வேலை' என்று சொல்லியிருந்தார்கள். குடோனிலோ அவனுடைய காண்ட்ராக்ட் அந்த மாதத்தோடு சரி என்று கையை விரித்துவிட்டார்கள். ஆக, அவனுடைய அடுத்த மாதச் சோறு அந்த கேமுக்குள் இருந்தது. இது எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்துதான் செய்தேன்.

எனக்கு ஒரு கிரிக்கெட் கேம் வேண்டியிருந்தது. கம்ப்யூட்டரில் இடம் இல்லை. அளவு பார்த்தேன், மேஸ்திரியின் லாரி கேம்தான் அரண்மனை மாதிரி இடத்தை அடைத்துக்கொண்டிருந்தது. மேஜைமேல் அவனுடைய வெளி ஹார்ட் டிஸ்க் ஒன்று சும்மா கிடந்தது. கேமைத் தூக்கி அதில் வைத்துவிட்டால் போயிற்று. என் வேலையே ஸ்டோர்ஸில் சரக்கு அடுக்கிய பேலட்டுகளை இந்த ரேக்கிலிருந்து அந்த ரேக்குக்கு மாற்றுவதுதான். இது என்ன பெரிய வித்தை?

கேமை இடம் மாற்றுவதற்கென்று முறையான வழி ஒன்று அந்தச் செயலியிலேயே இருக்கிறதாம். பிறகுதான் தெரிந்தது. நான் செய்தது கட், பேஸ்ட். அதற்கும் முன்னால், ஹார்ட் டிஸ்க்கில் இடம் பண்ண வேண்டியிருந்தது. 'ரோடு பழசு' என்ற பெயரில் ஒரு ஃபோல்டர் கிடந்தது. எங்கள் கம்பெனியில் வேண்டாததை ஒதுக்கு, இடத்தைச் சுத்தமாக வை என்று சுவரெல்லாம் எழுதி ஒட்டியிருப்பார்கள். வேலைக்குச் சேர்ந்த நாளிலிருந்து அதை நான் கடைப்பிடித்ததில்லை. அன்றைக்கென்று கடைப்பிடித்தேன். பழசை அழித்தேன். அது மேஸ்திரி எடுத்து வைத்திருந்த காப்பி என்று என் மூளையில் உறைக்கவில்லை.

மேஸ்திரி காலையிலேயே அரை நாள் வேலைக்குக் கிளம்பிப் போய்விட்டான். மத்தியானம் வந்து கம்ப்யூட்டரை ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு போவதாகத் திட்டம். அவன் வருவதற்குள் எல்லாம் முடிந்துவிடும் என்று பட்டனைத் தட்டினேன். பச்சைக் கோடு எறும்பு மாதிரி நகர ஆரம்பித்தது. வெளியே என் கம்பெனி பஸ் ஹாரன். சேஃப்டி நைட் ஷிப்ட் முடிந்து வருகிற நேரம் வேறு. தூக்கக் கலக்கத்தில் ஒயரைக் கியரைப் பிடுங்கிவிட்டால்?

அப்போதுதான் என் பாதி அறிவு வேலை செய்தது. தொழிற்சாலையில் மெஷினைப் பழுது பார்க்கும்போது சிவப்பு அட்டை ஒன்று மாட்டுவார்கள்; 'டேக்' என்போம். 'அபாயம். ஆள் வேலை செய்கிறார். தொடாதே.' அப்படி ஒன்றை நான் ஸ்டோர்ஸிலிருந்து ஆட்டையைப் போட்டு வந்து, குளிக்கும்போது பாத்ரூம் கதவில் மாட்டி இவர்களை வெறுப்பேற்றுவது வழக்கம். அதை எடுத்து கம்ப்யூட்டரின் பவர் பட்டனுக்கு மேல் தொங்கவிட்டேன். தொடாதே என்றால் சேஃப்டி தொட மாட்டான். என் புத்திசாலித்தனத்தை நானே மெச்சிக்கொண்டு ஓடிப்போய் பஸ் ஏறினேன்.

வேலை தொடங்கும் முன் எங்களை வரிசையில் நிற்க வைத்து பாதுகாப்பு பற்றி ஐந்து நிமிடம் பேசுவார்கள். நான் வழக்கமாக கண்ணைத் திறந்தபடியே தூங்குகிற நேரம் அது. அன்று எங்கள் கம்பெனிப் பாதுகாப்பு அதிகாரி கையில் அதே சிவப்பு அட்டை.

"இது தொங்குதுன்னா இன்னா அர்த்தம்? கரண்ட கட் பண்ணிட்டுதான் மாட்டணும். இது தொங்குது, ஆனா மெஷின் ஓடிகினு கீது. எவனோ அர டிக்கெட்டு கரண்ட கட் பண்ணாம மாட்டிட்டுப் போயிருக்கான். நீ பாக்கற. மொதல்ல இன்னா பண்ணுவ?"

"ஆஃப் பண்ணுவோம் சார்!"

கூட்டத்தோடு நானும் கத்தினேன். எல்லாரையும்விடச் சத்தமாக. கத்திய வாயை மூட முடியவில்லை.

இந்தப் பாடத்தைத் தூக்கத்திலும் ஒப்பிக்கக்கூடிய ஒரே ஒரு மனிதன் இந்நேரம் எங்கள் அறைப் படியேறிக்கொண்டிருப்பான்.

செல்போன் கேட்டில் லாக்கருக்குள். வெளியே போக கேட் பாஸ் வேண்டும். சூப்பர்வைசரிடம் ஓடினேன். இங்கேதான் இன்னொரு வினை. அதுவரை நான் அவரிடம் பாஸ் வாங்கச் சொன்ன காரணங்களைத் தொகுத்தால் நல்ல நகைச்சுவைப் புத்தகமாகும்.

"சொல்லு. இன்னிக்கி யாருக்குக் கண்ணாலம்?" என்றார்.

"சார், ரூம்ல கம்ப்யூட்டர் மேல டேக் மாட்டிட்டு வந்துட்டேன். ஃப்ரெண்டு வந்து கரண்ட ஆஃப் பண்ணிடுவான். இன்னொரு ஃப்ரெண்டு வேலை போயிடும் சார்."

பக்கத்தில் நின்றவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். "இது புதுசுடா!" என்று ஒருவன் கை தட்டினான். வாழ்க்கையில் முதல் முறையாக உண்மையைச் சொல்லி நின்றேன். அதற்குத்தான் அதிகக் கைதட்டல். சூப்பர்வைசரும் சிரித்துக்கொண்டே திரும்பியவர், என் முகத்தைப் பார்த்து நிறுத்தினார்.

"இன்னாய்யா, மூஞ்சி பேஸ்து அடிச்ச மாதிரி கீது? நெசமாவா?" தலையை ஆட்டினேன். கையெழுத்துப் போட்டுக் கிழித்துக் கொடுத்தார்.

கேட்டில் போனை வாங்கி சேஃப்டிக்கு அடித்தேன். சுவிட்ச் ஆஃப். நைட் ஷிப்ட் முடிந்து வந்தால் அவன் செய்கிற முதல் வேலை அதுதான். கீழ் வீட்டு அக்காவுக்கு அடித்தேன்.

"அக்கா, கொஞ்சம் மேல போய் கம்ப்யூட்டர் ஓடுதான்னு பாருங்களேன்."

"இன்னாப்பா நீ, அடுப்புல சோறு கொதிக்குது." சொல்லிக்கொண்டே படியேறுகிற சத்தம் கேட்டது. கதவைத் தட்டினார். "தாப்பா போட்டுகினு தூங்குது அந்தப் புள்ள. சன்னல்ல பாக்கறேன், இரு. உள்ள லைட்டு ஒண்ணும் மின்னல. கம்ப்யூட்டரு ஓடல. கொறட்டதான் ஓடுது."

போனைப் பையில் போட்டுக்கொண்டு ஓடினேன்.

சாலைக்கு வந்து கையைக் காட்டினேன். தண்ணீர் கேன் ஏற்றி வந்த சின்ன வண்டி ஒன்று நின்றது. ஏறியதும் ஓட்டுநர் என்னைப் பார்த்துவிட்டு, "இன்னாண்ணா, வூட்ல யாருக்காவது ஒடம்பு சரியில்லியா?" என்றார். கம்ப்யூட்டருக்கு என்று எப்படிச் சொல்வது? "ஆமாங்க, ரொம்ப சீரியஸ்" என்றேன். பாவம், அந்த நல்ல மனிதர் அதை நம்பி, கன்டெய்னர்களுக்கு நடுவே புகுந்து புகுந்து ஹாரனில் கை வைத்தபடியே ஓட்டினார். வழியெல்லாம் மேஸ்திரி கம்ப்யூட்டரில் கட்டியிருந்த ரோடு. அந்த வேகத்தடை, அந்தப் பெட்ரோல் பங்க், வளைவில் சாய்ந்து நிற்கிற அந்த மின்கம்பம். ஒவ்வொன்றும் அவன் திரையில் வந்த அன்று எங்களை எழுப்பிக் காட்டியது ஞாபகம் வந்தது. நான் பாதித் தூக்கத்தில் 'சூப்பர்' என்று சொல்லித் திரும்பிப் படுத்திருக்கிறேன்.

ஸ்ரீபெரும்புதூரில் இறங்கி ஷேர் ஆட்டோ பிடித்து அறைக்கு வந்து கதவை இடித்தேன். சேஃப்டி லுங்கியை இறுக்கிக்கொண்டே திறந்தான்.

"கம்ப்யூட்டர நீயா ஆஃப் பண்ண?"

"ஆமா. டேக் மாட்டிக்கீது, உள்ள ஃபேன் சுத்திகினு கீது. எந்தப் பேமானி மாட்டினான்னு பாத்தேன். போர்டுல ஆஃப் பண்ணேன்."

"தொடாதன்னுதானடா போட்டிருக்கு!"

"ஆஃப் பண்ணாம எவன்டா டேக் மாட்டுவான்? கரண்டு இருக்கற எடத்துல இது தொங்குச்சுன்னா ஆளு செத்தான்னு அர்த்தம்."

"பாத்ரூம்ல மாட்டறப்ப மட்டும் பேசாம இருந்த?"

"பாத்ரூம் கதவுல கரண்டு இல்ல. இதுல இருந்திச்சி."

நான் விஷயத்தைச் சொன்னேன். கேட்கக் கேட்க அவன் முகத்தில் தூக்கம் போய்விட்டது. பேசாமல் போர்டில் சுவிட்சைப் போட்டான்.

கம்ப்யூட்டர் உயிர்பெற்றது. லாரி கேமின் படம் இருக்க வேண்டிய இடத்தில் வெறும் வெள்ளைக் காகிதம். ஃபோல்டரைத் திறந்தால் பாதி காலி. சரி, மீதி ஹார்ட் டிஸ்க்கில் இருக்கும் என்று அதைத் திறக்கப் போனேன். ஒரு கட்டம் குதித்தது: இந்த டிஸ்க்கைப் பயன்படுத்த வேண்டுமானால் ஃபார்மேட் செய்ய வேண்டும், செய்யட்டுமா?

என் விரல் மவுஸில் இருந்தது. கம்ப்யூட்டரே கேட்கிறதே, சரி என்று சொன்னால் திறந்துவிடும் போலிருக்கிறது என்று தோன்றியது. மேஸ்திரிக்குத் தெரியாமல் சரி பண்ணிவிடலாம் என்ற நப்பாசை வேறு. விரல் அழுத்துவதற்குள் சேஃப்டி என் மணிக்கட்டை முறுக்கிப் பிடித்தான். வலி உச்சந்தலைக்கு ஏறியது.

"இன்னா பண்ணப் போற?"

"சரி பண்ணப் போறேன்."

"இதுக்கு இன்னா அர்த்தம்னு தெரியுமா உனக்கு?"

"தெரியாது."

"எனக்கும் தெரியாது. அப்ப கைய எடு. மெஷினு அவன்து. மொதல்ல அவனாண்ட சொல்லு."

"சொன்னா கொன்னுடுவான்டா."

"கொல்லட்டும். அது அவன் இஷ்டம்."

போனை என் கையில் திணித்தான். மேஸ்திரி எடுத்ததும் பின்னால் ஃபோர்க்லிஃப்ட் ரிவர்ஸ் வருகிற 'பீப் பீப்' சத்தம் கேட்டது. நான் ஒரே மூச்சில் கொட்டினேன். அவன் கேட்டது ஒன்றே ஒன்று.

"ஃபார்மேட் குடுத்துட்டியா?"

"இல்லடா."

"பழைய காப்பி அதுலதான இருக்கு?"

இதற்குப் பதில் சொல்ல நான் எடுத்துக்கொண்ட நேரமே அவனுக்குப் பதிலாகிவிட்டது. அந்தப் பக்கம் 'பீப்' சத்தமும் நின்றது. வண்டியை நிறுத்திவிட்டான் போலிருக்கிறது.

"எதையும் தொடாத. வாரேன்."

அவன் வந்து சேரும் வரை நாங்கள் இருவரும் அந்தக் கட்டத்தைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தோம். நான் ஒரு ஜோக் சொல்ல வாயெடுத்தேன். சேஃப்டி திரும்பிப் பார்த்த பார்வையில் அது தொண்டையிலேயே செத்தது.

மேஸ்திரி ஷூவைக்கூடக் கழற்றாமல் உள்ளே வந்தான். என் பக்கம் பார்க்கவில்லை. கட்டத்தை மூடினான். கறுப்புத் திரை ஒன்றைத் திறந்து ஏதோ எழுதித் தட்டினான். வெள்ளை எழுத்துகள் ஓட ஆரம்பித்தன. டிஸ்க்கைச் சோதிக்கிறதாம், கிடைத்ததை ஒட்டவைக்குமாம். ஓடிக்கொண்டே இருந்த எழுத்து திடீரென்று நின்றது. மறுபடி ஓடியது. மறுபடி நின்றது. திட்டினாலாவது பரவாயில்லை. அவன் நகத்தைக் கடித்துக்கொண்டு திரையையே பார்த்துக்கொண்டிருந்தான். என்னால் உட்கார முடியவில்லை. படியில் போய் நின்றேன். கீழிருந்து அக்கா, "இன்னாப்பா, கம்ப்யூட்டரு பொழச்சிக்கிச்சா?" என்று சத்தமாக விசாரித்தார். தெருவே திரும்பிப் பார்த்தது.

"ஏல, வா" என்று உள்ளிருந்து குரல் வந்தது.

டிஸ்க் திறந்துவிட்டது. பாதி இங்கே, பாதி அங்கே என்று கிடந்ததை மேஸ்திரி ஒன்றுசேர்த்தான். ஹார்ட் டிஸ்க்கின் ஒயரைக் கம்ப்யூட்டரின் பின்பக்கம் சொருகினால் பல மடங்கு வேகமாகப் போகும் என்பதையும் அன்றுதான் தெரிந்துகொண்டேன். நான் எறும்பு வேகத்தில் அனுப்பியதெல்லாம் மளமளவென்று திரும்பி வந்தது. கேமைத் திறந்தான். லாரி கிளம்பியது. கன்டெய்னர் நின்றது, மாடு படுத்திருந்தது. எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. வழியில் வரும் மாத்தூரைத் தாண்டியது. தாண்டிய கொஞ்ச தூரத்தில் ரோடு கத்தியால் வெட்டியது மாதிரி முடிந்தது. லாரி மூக்கைக் குத்திக்கொண்டு சாம்பல் நிறத்தில் ஒன்றுமில்லாத பள்ளத்துக்குள் விழுந்துகொண்டே இருந்தது.

சேஃப்டி கரண்டை நிறுத்திய நொடியில் இடம் மாறிக்கொண்டிருந்த துண்டு அது. இங்கேயும் இல்லை, அங்கேயும் இல்லை.

மேஸ்திரி மவுஸை மெதுவாக மேஜைமேல் வைத்தான். "இந்தத் துண்டு கட்ட ஒரு மாசம் ஆச்சு" என்றான். கோபம் இல்லாத குரல். அதுதான் தாங்க முடியவில்லை. "போன் பண்ணி வரலன்னு சொல்லிருதேன்."

அவன் போனை எடுத்தபோது என் வாய் என்னைக் கேட்காமல் திறந்துகொண்டது. அது அப்படித்தான், நல்லது கெட்டது பார்க்காது.

"அந்த எடத்துல 'பணி நடைபெறுகிறது, மாற்றுப்பாதையில் செல்லவும்'னு ஒரு போர்டு வெச்சிடேன். நம்ம ஏரியால அது இல்லாத ரோடுன்னாதான் பாக்கறவனுக்குச் சந்தேகம் வரும்."

யாரும் சிரிக்கவில்லை. சேஃப்டி என்னை அடிப்பதற்கு எழுந்தேவிட்டான். மேஸ்திரி மட்டும் வந்ததிலிருந்து முதல் முறையாக என் முகத்தைப் பார்த்தான். போனைக் கீழே வைத்துவிட்டு மவுஸை எடுத்தான்.

சாப்பிடக்கூட எழவில்லை. வெட்டுண்ட இடத்துக்கு முன்னால் தார் டிரம்களை வரிசையாக வைத்தான். மஞ்சள் போர்டு வைத்தான். பக்கத்துக் காலி மனை வழியாகக் குண்டும் குழியுமாக ஒரு மண் பாதை இழுத்து, அந்தப் பக்கம் ரோட்டில் கொண்டுபோய்ச் சேர்த்தான். ஆட்டோ வந்து கீழே ஹாரன் அடித்தபோதும் ஒரு பள்ளத்தில் தண்ணீர் தேக்கிக்கொண்டிருந்தான். கம்ப்யூட்டரை மடியில் சீர்த்தட்டு மாதிரி வைத்துக்கொண்டு நான் உட்கார்ந்தேன். வேகத்தடை வரும்போதெல்லாம் சேஃப்டி என் தோளை அழுத்திப் பிடித்துக்கொண்டான். எனக்காக அல்ல.

பயிற்சி மையத்தில் லாரி ஓட்டி நரைத்த ஒரு பயிற்சியாளர் ஸ்டீயரிங் முன் உட்கார்ந்தார். சேஃப்டியும் நானும் சுவரோரம் நின்றோம். லாரி மாத்தூரைத் தாண்டியது. டிரம்களைப் பார்த்ததும் அவர் பிரேக் போட்டார். "இங்கயும் தோண்டிட்டானுங்களா!" என்று முணுமுணுத்தபடி, ஒன்றும் யோசிக்காமல் மண் பாதையில் வண்டியை இறக்கிவிட்டார். பிழைத்தோம் என்று நான் மூச்சு விடுவதற்குள் மேஸ்திரியே முன்னால் போனான்.

"சார், அந்த எடம் நெசமாவே இல்ல. இன்னைக்குக் காலைல அழிஞ்சு போச்சு. திரும்பக் கட்டணும். அதான் அடைச்சு வச்சிருக்கேன்."

பயிற்சியாளர் ஸ்டீயரிங்கை விட்டுத் திரும்பி அவனை ஏற இறங்கப் பார்த்தார். "நெசமான ரோட்டுலயும் அப்படித்தான்பா சொல்றாங்க. எப்ப முடிப்ப?" என்றார். ஒரு மாசம் என்றான் மேஸ்திரி. "இங்க உக்காந்து முடி" என்றார்.

மேஸ்திரி இப்போது அங்கேதான் வேலையில் இருக்கிறான். கேட்பவர்களிடம், என் யோசனையால்தான் அவனுக்கு வேலை கிடைத்தது என்று நான் சொல்லிக்கொள்வது உண்டு. என்னால்தான் அது போகப் பார்த்தது என்ற பாதியைச் சேஃப்டி உடனே சேர்த்துவிடுவான். அந்தச் சிவப்பு அட்டையை அன்று மாலையே அவன் கத்தரியால் வெட்டிப் போட்டுவிட்டான்.

திரையில் ஒரு ஃபோல்டராகத் தெரிவது ஒருவனுடைய எத்தனையோ ஓய்வுநாட்கள் என்று அதற்கு முன் நான் நினைத்துப் பார்த்ததில்லை. இன்றைக்கு ஸ்டோர்ஸில் யாருடையது என்று தெரியாத ஒரு சின்ன அட்டைப்பெட்டி வழியில் கிடந்தாலும், தூக்குவதற்கு முன் அதற்குச் சொந்தக்காரனைத் தேடிப் போகிறேன். கிண்டல் செய்கிறார்கள், செய்யட்டும்.

சென்ற மாதம் மேஸ்திரியைப் பார்க்கப் போயிருந்தேன். டீ குடித்துக்கொண்டே மெல்லக் கேட்டேன், அந்தத் துண்டைக் கட்டி முடித்துவிட்டாயா என்று. கட்டியாயிற்று, மூன்று இடத்தில் காப்பியும் எடுத்து வைத்திருக்கிறேன் என்றான். எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. "எங்கெங்கடா வெச்சிருக்க?" என்றேன்.

"ஒங்கிட்ட சொல்ல மாட்டேன்."